ஈப்புலியின் பூர்வீகம்

திருத்தணிகை மலைக்கு வடமேற்கே, பள்ளிப்பட்டு வட்டத்தில், ஆந்திர எல்லையை ஒட்டினாற்போல் அமைந்திருக்கும் பொதட்டூர்பேட்டை, நெசவையே ஜீவனோபாயமாகக் கொண்ட ஊர். அவ்வூர் எந்த ராஜ்யத்தைச் சேர்ந்தது என்னும் வினாவுக்கு, அங்கே பிறந்து முதுமை எய்திய ஒருவர், இருந்த இடத்தைவிட்டு நகராமலே, வெவ்வேறு காலத்தில் வெவ்வேறு விடை சொல்ல நேர்ந்திருக்கும். கார்வேட்டிநகர் ஜமீனோடு சேர்ந்திருந்த திருத்தணிப் பிரதேசம் வட ஆர்க்காட்டு ஜில்லாவிலிருந்து பிரிந்து, 1911-ஆம் ஆண்டில் சித்தூர் ஜில்லா உண்டானபோது அதில் இணைந்தது; 1953 அக்டோபர் முதல் தேதி ஆந்திர ராஜ்யம் பிறந்தபோது சித்தூரோடு கூடவே ஆந்திரத்துக்குப் போயிற்று; ம. பொ. சிவஞானமும் கே. விநாயகமும் முன்னின்று நடத்திய எல்லைக் கிளர்ச்சியும், மங்கலங்கிழார் இப்பகுதியில் ஊன்றிய தமிழ்ப்பணியும், படாஸ்கரின் மத்தியஸ்தமும், 1959-இல் பார்லிமெண்டு இயற்றிய சட்டமும் ஒன்றன்பின் ஒன்றாகக் கூடி, 1960 ஏப்ரல் முதல் தேதி திருத்தணித் தாலுகாவையும் பள்ளிப்பட்டு உபதாலுகாவையும் சென்னை ராஜ்யத்துக்கு மீட்டுக் கொடுத்தன. செங்கற்பட்டு ஜில்லாவில் இருந்து, பின்னர் 1997-இல் திருவள்ளூர் மாவட்டமானது அண்மைக்காலச் செய்தி.

எந்தக் கிராமத்தில் எந்தப் பாஷை பேசுவோர் அதிகம் என்று பார்த்து எல்லை வகுத்த அந்த வருஷங்களில், தறிக்குழிக்கு மேலுள்ள சுவரிலும், நிலைக்கதவின் மரத்திலும், ஜன்னல் விளிம்பிலும் சாம்பல் நிறங்கொண்ட ஒரு சிறு ஜந்து ஓடுவதும் நிற்பதும் திரும்பிப் பார்ப்பதுமாக இருந்திருக்கும். அதன் பூர்வீகத்தை விசாரிக்க எவருக்கும் தோன்றியிராது. பல்லியையும் பிள்ளையார் எறும்பையும் போல அதுவும் வீட்டோடு பிறந்தது என்பதே நம்முடைய எண்ணம். ஈயின்மேல் பாய்ந்து பிடிப்பதனால் ஈப்புலி என்று பெயர் பெற்ற இந்தக் குதிக்கும் சிலந்தியோ, கடல் கடந்து வந்து குடியேறிய அந்நியன். சுவிட்சர்லாந்து தேசத்தில் பெர்ன் நகரத்து இயற்கைச் சரித்திர அருங்காட்சியகம் பராமரித்து வரும் உலகச் சிலந்தி அட்டவணையைப் பார்த்தால், நம் வீடுகளில் மிகச் சாதாரணமாகத் தென்படும் ஈப்புலி இனங்களுக்குத் தாயகம் ஆப்பிரிக்கா என்றும், இந்தியா உள்ளிட்ட பிற நாடுகளுக்கு அவை போய்ச் சேர்ந்தவை என்றும் எழுதியிருக்கிறது.

சால்டிசிடே என்று சாஸ்திரக்காரர் வழங்கும் குதிக்கும் சிலந்திக் குடும்பம், சிலந்திக் குடும்பங்கள் அனைத்திலும் பெரியது; 6,000-க்கு மேற்பட்ட இனங்களைக் கொண்டது. அவற்றுள் மிகப் பெரும்பாலானவை காட்டிலும் புல்வெளியிலும் பாறையிலும் வாழ்பவை. மனிதன் கட்டிய சுவரைத் தன் வேட்டைக்காடாக ஏற்றுக்கொண்டவை விரல்விட்டு எண்ணத்தக்கவையே. உடல் தட்டையாகவும், நிறம் சாம்பலாகவும், பக்கங்களில் கரிய கோடுகளுடனும் சுண்ணாம்புச் சுவரில் ஒட்டினாற்போல் ஓடுவது மெனமெரஸ் பைவிட்டாட்டஸ். சற்றே பருத்து, ஆணாயின் கரிய முதுகில் நடுவே அகன்ற வெள்ளைப் பட்டையுடன் விளக்கடியில் பூச்சிக்குக் காத்திருப்பது பிளெக்ஸிப்பஸ் பேகுலி. இன்னும் சிறிதாய், ஆணின் முகத்தில் செம்மையும் வயிற்றில் பிறைபோன்ற வெள்ளைக் கீற்றும் கொண்டு, தொட்டிச் செடியோரத்திலும் ஈரமான மூலையிலும் திரிவது ஹசாரியஸ் ஆடன்சோனி. மூன்றும் அரை அங்குலத்துக்கு உட்பட்டவை. இவற்றைப் பிரித்தறியாமல் எல்லாவற்றையும் ஈப்புலி என்றே சொல்லும் வழக்கில் பெரிய குற்றமொன்றும் இல்லை. தொழில் ஒன்றாக இருக்கும்போது பெயரும் ஒன்றாக இருப்பது உலக இயல்பு.

அந்தத் தொழிலுக்கு ஆதாரம் கண். எட்டுக் கண்களில் முன்னே நிற்கும் பெரிய இரண்டும் உள்ளே நீண்ட குழாய்களாக அமைந்தவை; அக்குழாயின் அடியில் உள்ள விழித்திரையைத் தசைகள் இப்படியும் அப்படியும் நகர்த்துவதனால், தலையைத் திருப்பாமலே ஈப்புலி தான் பார்க்கும் பொருளை அங்கம் அங்கமாகத் தடவிப் பார்க்க முடியும். மற்ற ஆறு கண்களும் நாற்புறமும் அசைவைக் கண்காணிக்க, அசைந்த திசைக்கு உடல் சட்டென்று திரும்ப, பெரிய கண்கள் அது இன்னதென்று நிச்சயிக்க, பிறகே பாய்ச்சல். காலில் வெட்டுக்கிளிக்கு உள்ளதுபோல் பருத்த தசை கிடையாது; உடலின் இரத்தத்தை அழுத்தி, அந்த அழுத்தத்தாலேயே பின்கால்களை நீட்டித் தாவுகிறது; தாவுமுன் ஓர் இழையைச் சுவரில் ஒட்டிக்கொள்வதனால், தவறினாலும் தரையில் விழுவதில்லை. இவ்வளவு தூரம் என்று அது எவ்வாறு அளவிடுகிறது என்பது நெடுங்காலம் விளங்காமல் இருந்தது. ஜப்பானில் ஒஸாகா நகரப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆராய்ச்சியாளர் 2012-இல் வெளியிட்ட ஆராய்ச்சி அதை விளக்கிற்று. பெரிய கண்ணின் விழித்திரை நான்கு அடுக்குகளாக உள்ளது. அவற்றுள் ஓர் அடுக்கில் உருவம் எப்போதும் மங்கலாகவே விழுகிறது. அந்த மங்கலின் அளவைக் கொண்டே சிலந்தி தூரத்தைக் கணிக்கிறது. பச்சை ஒளியில் சரியாகப் பாய்ந்த சிலந்திகள் சிவப்பு ஒளியில் இரையை எட்டாமல் முன்னதாகவே விழுந்தன என்பதே அவர்கள் காட்டிய அத்தாட்சி. அந்தப் பரிசோதனைக்கு எடுத்துக்கொண்ட இனம், மேலே சொன்ன ஹசாரியஸ் ஆடன்சோனியேதான்.

நம்முடைய தேசத்தில் சிலந்திக்குக் கிடைத்த பெருமையெல்லாம் வலை பின்னும் சிலந்திக்கே போய்விட்டது. பொதட்டூர்பேட்டையிலிருந்து வடக்கே சில மணி நேரப் பிரயாணத்தில் உள்ள திருக்காளத்தியில் பாம்புக்கும் யானைக்கும் முன்னதாகப் பேறு பெற்றது ஒரு சிலந்தி. திருவானைக்காவில் சிவலிங்கத்தின்மேல் வலைப்பந்தல் இட்ட சிலந்தி மறுபிறப்பில் கோச்செங்கட் சோழனாகி, யானை ஏற முடியாத மாடக்கோயில்களைக் கட்டிற்று என்பது பெரியபுராணம் சொல்லும் வரலாறு. ஈப்புலி இரைக்காக வலை பின்னுவதில்லை. சுவர்ப்பிளவிலோ மடிந்த காகிதத்திலோ தான் உறங்குவதற்கும் முட்டையிடுவதற்கும் ஒரு சிறு பட்டுப்பை மட்டும் நெய்துகொள்கிறது. போகிக்கு முன் வீட்டார் துடைப்பத்தைத் தூக்கி அடிக்கும் ஒட்டடையில் அதன் பங்கு ஏதும் இல்லை. பக்திக்கும் பயன்படாமல், துடைப்பத்துக்கும் அகப்படாமல் இருந்த காரணத்தினால்தானோ என்னவோ, புராணமும் அதை விட்டுவிட்டது, வீட்டாரும் விட்டுவிட்டார்கள்.

அதன் சரித்திரம் தொடங்கியது எகிப்தில். 1798-இல் நெப்போலியன் எகிப்தின்மேல் படையெடுத்துச் சென்றபோது போர்வீரர்களோடு பண்டிதர்கள் கூட்டம் ஒன்றையும் உடன் அழைத்துச் சென்றான் என்பது பிரசித்தம். அவர்களுள் ஒருவர், அப்போது இருபத்தோரு வயதே நிரம்பிய ஜூல் செசார் ஸவிஞி என்பவர். முதுகெலும்பில்லாத ஜீவராசிகளைச் சேகரிப்பது அவருக்கு இட்ட பணி. பாரிசுக்குத் திரும்பியபின் அவற்றை உருப்பெருக்கிக் கண்ணாடியின்கீழ் வைத்து, ஒவ்வொரு காலின் ரோமத்தையும் ஒவ்வொரு வாயுறுப்பின் மடிப்பையும் கணக்கிட்டு, அரசாங்கம் வெளியிட்ட ‘எகிப்து வர்ணனை’ என்னும் மகா கிரந்தத்துக்காகச் சித்திரத் தகடுகள் தயாரிக்கும் பொறுப்பில் தம் யௌவனம் முழுவதையும் செலவிட்டார். அந்த உழைப்பே அவருக்கு வினையாயிற்று என்று சொல்லுவார் உண்டு. அவருடைய கண்களை ஒரு கொடிய நோய் பற்றிற்று; வெளிச்சம் பட்டால் தாங்கவொண்ணாத வேதனை உண்டாகி, இல்லாத தீப்பொறிகளும் உருவங்களும் தோன்றலாயின; 1824 முதல் அவர் இருட்டறையிலேயே காலம் கழிக்க வேண்டியவரானார். அவ்விருளில் அவர் வாழ்ந்த ஆண்டுகள் சிறிதல்ல; 1851 வரை உயிரோடு இருந்தார்.

தகடுகள் இருந்தன, அவற்றுக்கு விளக்கம் இல்லை, விளக்கம் எழுத வேண்டியவர் பார்வையை இழந்துவிட்டார். பிரசுரம் தடைப்பட்டு நிற்பதைப் பொறாத அரசாங்கத்தார், விக்டோர் ஓதுவேன் என்னும் இளைஞரை அழைத்து, சித்திரங்களைப் பார்த்தே சுருக்கமான விளக்கம் எழுதும்படி பணித்தனர். பிறர் வரைந்த உருவத்தை வைத்துக்கொண்டு, வரைந்தவருடைய குறிப்புகளும் கைவசமின்றி, ஜந்துக்களுக்குப் பெயர் சூட்டுவது எளிய காரியமன்று. ஆயினும் ஓதுவேன் அதைச் செய்தார். 1826 என்று ஆண்டு குறிக்கப்படும் அவ்விளக்கத்தில்தான் நம் வீட்டுச் சுவரில் உள்ளவற்றுள் இரண்டு இனங்கள் முதன்முதல் பெயர் பெற்றன. வெள்ளைப் பட்டை உடையதற்கு ஸ்வீடன் தேசத்துப் பிரபுவும் இயற்கை ஆராய்ச்சியாளருமான பேகுல் என்பவர் ஞாபகமாகவும், பிறைக்கீற்று உடையதற்கு மிஷேல் ஆடன்சன் என்னும் பிரெஞ்சுக்காரர் ஞாபகமாகவும் பெயர் இட்டார். கூரிய பார்வையினால் உலகத்தில் பெயர் எடுத்த ஜந்து, தன்னைப் பார்த்துப் பார்த்தே பார்வையை இழந்த ஒருவருடைய சித்திரத்தின் வாயிலாக சாஸ்திரத்தில் பிரவேசித்தது என்பதை நினைக்கும்போது, விதி என்னும் சொல்லை நாத்திகரும் உபயோகிக்கத் தோன்றும்.

ஆடன்சன் நமக்கு வேறொரு வகையிலும் பரிச்சயமானவர். இளம்பிராயத்தில், 1749-இல், ஆப்பிரிக்காவின் மேற்குக் கோடியிலுள்ள ஸெனெகால் நாட்டுக்குப் போய், ஏறக்குறைய ஐந்தாண்டு தங்கி, மரஞ்செடிகளையும் கிளிஞ்சல்களையும் ஆராய்ந்து, 1757-இல் ஒரு நூல் வெளியிட்டார். அங்கே அவர் கண்டு வியந்த பெருமரத்துக்கு லின்னேயஸ் அவர் பெயரையே வைத்தார். ராமநாதபுரம் கடற்கரையிலும், அக்கரையில் மன்னாரிலும், அடிமரம் மண்டபத்தூண்போல் பருத்து நிற்கும் பெருக்கமரம் அதுவே. அராபிய வணிகர்கள் கொண்டுவந்து நட்டது என்று அவ்வூர்க்காரர் அதற்கு ஒரு வருகைக் கதை வைத்திருக்கிறார்கள். மரம் பெரிதாகையால் அந்நியம் என்று கண்ணில் பட்டது, கதை கட்டினார்கள். சிலந்தி சிறிதாகையால் கதையும் இல்லை.

மூன்றாவதாகிய மெனமெரஸுக்கு 1831-இல் பெயரிட்டவர் லியோன் துஃபூர். நெப்போலியனின் ஸ்பெயின் யுத்தத்தில் படை வைத்தியராக இருந்த அவர், பின்பு தம் சொந்த ஊரில் வைத்தியம் பார்த்துக்கொண்டே, பூச்சிகளின் குடலையும் நரம்பையும் அறுத்து ஆராய்ந்து பெரும் புகழ் எய்தினார். அவரைப்பற்றிப் பின்னால் ஒரு வார்த்தை சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆப்பிரிக்கச் சிலந்தி இவ்வளவு தூரம் வந்தது எவ்வாறு என்றால், பறக்கும் ஜாதியல்ல ஆகையால், மனிதனோடு மனிதன் சரக்கோடு வந்தது என்பதே விடை. மரப்பெட்டியின் இடுக்கிலும், சிப்பத்தின் மடிப்பிலும், கப்பல் பலகையின் வெடிப்பிலும் தன் பட்டுப்பையைக் கட்டிக்கொண்டு, வாரக்கணக்கில் உணவின்றியும் தாங்கவல்ல ஒரு ஜந்துவுக்கு, துறைமுகத்துக்குத் துறைமுகம் மாறுவது பெரிய காரியம் அல்ல. கப்பல்களுக்கோ குறைவில்லை. சோழமண்டலக் கரையிலிருந்து ஆப்பிரிக்காவுக்குத் துணி போவது வெகுகால வியாபாரம். புதுச்சேரியில் நீலமூட்டப்பட்ட ‘கினே’ என்னும் பருத்தித் துணி பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரெஞ்சு வணிகரால் ஸெனெகாலுக்கு ஏராளமாக ஏற்றப்பட்டு, கருவேல இனத்துப் பிசினுக்கு மாற்றாக, நாணயம்போலவே அங்கே செலாவணியாயிற்று. சென்னையின் சுற்றுப்புறத்துக் கைத்தறி ஊர்களில் கட்டம் போட்டு நெய்த கைக்குட்டைத் துணி, இங்கிலாந்து வணிகர் வழியாக நைஜர் நதி முகத்துவாரம் வரைக்கும் சென்று, அங்குள்ள கலபாரி மக்களின் பிறப்புச் சடங்கிலும் ஈமச் சடங்கிலும் இன்றியமையாத வஸ்திரமாக இடம் பெற்றது. நம் நெசவு ஆப்பிரிக்கர் உடம்புக்குப் போன அக்காலத்திலேயே, ஆப்பிரிக்கச் சிலந்தி நம் நெசவாளர் சுவருக்கு வந்திருக்கிறது என்று நினைப்பது எனக்குச் சம்மதம். பல துறைமுகங்கள் வழியே பல முறை வந்திருக்கும் என்பதும் அதனோடு சேர்ந்தது. கரையில் இறங்கியபின் உள்நாட்டுக்கு வருவதற்கு மாட்டுவண்டிகள் இருந்தன. 1856-இல் ராயபுரத்திலிருந்து வாலாஜாவுக்கு ரயில் ஓடத் தொடங்கியபின் அந்தத் தொல்லையும் குறைந்தது.

நெசவாளர் வீடு ஈப்புலிக்கு ஏற்ற வீடு. குழித்தறியில் கால்களைத் தொங்கவிட்டு உட்கார்ந்து பகல் முழுவதும் நாடா எறிபவருக்கு வெளிச்சம் வேண்டும். ஆகவே தறி ஜன்னலையோ திண்ணையையோ அண்டியிருக்கும். வெளிச்சத்தில் வேட்டையாடும் சிலந்திக்கும் அதுவே தேவை. விடியற்காலையில் தெருவில் பாவு விரித்து, அரிசிக்கஞ்சி தோய்த்து, தூரிகையால் நீவி உலர்த்தும்போது அந்தப் புளித்த வாடைக்கு ஈ மொய்க்கும்; பாவைச் சுருட்டி வீட்டுக்குள் கொண்டு வந்தால் ஈயும் உடன் வரும்; ஈ வந்தால் ஈப்புலி வரும். மண்சுவரும் நாட்டு ஓடும் மூங்கில் வரிச்சும் கொடுத்த பிளவுகள் அதற்குப் போதிய வாசஸ்தலம். 1865-இல் பாசல் மிஷன்காரர் மங்களூரில் ஓட்டுத் தொழிற்சாலை வைத்தபின் மெல்ல மெல்லப் பரவிய சீமை ஓடு அந்தப் பிளவுகளைக் குறைத்தது. பின்னர் வந்த கான்கிரீட்டு மச்சு பெரும்பாலும் ஒழித்தது. ஆனால் மச்சோடு வந்த மின்சார விளக்கு இரவு வேட்டை என்னும் புதிய லாபத்தையும் கூடவே கொடுத்துவிட்டது.

அதற்குப் பகை குளவி. உத்தரத்திலும் புத்தக அலமாரிக்குப் பின்னும் ஈரமண்ணால் அறை அறையாகக் கூடு கட்டும் வேட்டைக்குளவியைத் தமிழ்வீடுகளில் கலைக்க மாட்டார்கள்; குளவி கூடு கட்டினால் வீட்டில் குழந்தை பிறக்கும் என்பது ஐதிகம். அந்தக் கூட்டை உடைத்துப் பார்த்தால், ஒவ்வோர் அறையிலும் செத்தனவோ உயிருள்ளனவோ என்று சொல்ல முடியாத நிலையில் சிலந்திகள் திணிக்கப்பட்டிருக்கும். ஈப்புலிகளும் அவற்றுள் அகப்படுவதுண்டு. நம் வேதாந்திகள் இதிலிருந்து பிரமரகீட நியாயம் என்று ஓர் உவமானத்தை எடுத்தார்கள்: குளவி கொண்டுவந்து அடைத்த புழு, குளவியையே இடைவிடாது தியானித்துத் தானும் குளவி ஆகிறது, அவ்வாறே ஜீவன் பிரம்மத்தைத் தியானித்து அதுவே ஆகிறது. தத்துவம் எப்படியிருந்தாலும், கூட்டில் நடப்பது வேறு. இங்கேதான் லியோன் துஃபூர் மறுபடி வருகிறார். குளவியின் இரை அழுகாமல் கிடப்பதற்குக் காரணம், குளவி செலுத்தும் ஏதோ ஒரு பதமூட்டும் திரவம் என்று அவர் எழுதினார். அவருடைய கட்டுரையை ஒரு குளிர்கால இரவில் படித்த ஃபாப்ர் என்னும் ஏழை உபாத்தியாயர், அதிலே தம் வாழ்க்கைப் பணியைக் கண்டுகொண்டு, தாமே குளவிகளின் பின்னால் அலைந்து, இரை சாகவில்லை, நரம்பு மையங்களில் கொட்டப்பட்டுச் செயலிழந்து கிடக்கிறது என்று 1855-இல் நிரூபித்தார். உயிரோடு கிடப்பதை, முட்டையிலிருந்து வெளிவரும் குளவிப்புழு தின்று வளர்ந்து குளவியாகிறது. ஈப்புலிக்குப் பெயரிட்டவரே அதன் கொலையாளியைப்பற்றிய ஆராய்ச்சிக்கும் விதை போட்டார். நம் வீடுகளில் இவ்வேலையைச் செய்யும் குளவிகளுள் ஒன்றுக்கு, 1781-இல், ஃபாப்ரிஸியஸ் என்னும் டேனிஷ் பண்டிதர், மதராஸ்பட்டணத்தின் பெயரையே சூட்டியிருக்கிறார் என்பதையும் சொல்லி வைக்கலாம்.

மனிதன் ஈப்புலிக்குச் செய்த தீமை பெரும்பாலும் அபவாதம். உடம்பின் ஒரு பக்கத்தில் நெருப்புப் பட்டாற்போல் கொப்புளங்கள் வரிசையாக எழும்பினால், எட்டுக்கால் பூச்சி மேலே சிறுநீர் விட்டுவிட்டது என்று சொல்வது தமிழ்நாடு முழுவதும் உள்ள வழக்கம். அக்கி என்னும் அந்த நோய்க்குக் குயவரிடம் போய்ச் செங்காவி கொண்டு உடம்பில் எழுதிக்கொள்வதும் அதனோடு பிறந்த வழக்கம். சிறுவயதில் கண்ட சின்னம்மையின் நுண்கிருமி நரம்பில் பதுங்கியிருந்து, உடல் தளர்ந்த சமயத்தில் மறுபடி கிளம்புவதே அக்கி என்பது இன்று ஐயமின்றித் தெரிந்த விஷயம். சிலந்திக்கு அதில் சம்பந்தம் இல்லை. காவிமண் குளிர்ச்சி தந்திருக்கும். நோய் சில வாரங்களில் தானே தணியும். கீர்த்தி குயவர் கைக்கும் அபகீர்த்தி சிலந்திக்கும் போயிருக்கும். குற்றவாளியைக் கண்ணால் காண முடியாதபோது, சுவரில் கண்ணுக்குத் தெரிந்தவனைப் பிடித்துக்கொள்வது நியாயஸ்தலங்களிலும் நடப்பதுதான்.

அபவாதத்தைவிடப் பெரிய ஆபத்து 1953-இல் வந்தது. திருத்தணி ஆந்திரத்துக்குப் போன அதே ஆண்டு. அவ்வருஷம் தேசிய மலேரியாக் கட்டுப்பாட்டுத் திட்டம் தொடங்கி, 1958-இல் ஒழிப்புத் திட்டமாக விரிந்தது. தோளில் பம்புகளோடு வந்த சிப்பந்திகள் கிராமந்தோறும் வீட்டுச் சுவர்களில் டி.டி.டி. மருந்தைத் தெளித்து, தெளித்த தேதியை வாசற்புறத்தில் எழுதிவிட்டுப் போவார்கள். கொசு சுவரில் உட்காரும் என்பதனால் சுவருக்கு இட்ட விஷம், சுவரிலேயே வாழ்பவனை முதலில் தாக்காமல் விடுமா? மலேரியாவினால் ஆண்டுதோறும் லக்ஷக்கணக்கானோர் மாண்ட தேசத்தில் அந்த மருந்தைக் குறைகூறுவது பாவம். நானும் குறைகூற வரவில்லை. ஆனால் கொசு அந்த மருந்துக்குப் பழகிக்கொண்டு 1970-களில் மீண்டும் படையெடுத்தது என்பதும், கொசுவையும் ஈயையும் கூலியில்லாமல் பிடித்துத் தந்த வேட்டைக்காரனுக்கு நாம் அந்தப் பத்து இருபது ஆண்டுகளில் எவ்விதக் கணக்கும் வைக்கவில்லை என்பதும் உண்மை.

கணக்கு வைக்கக்கூடியவர் ஒருவர் அதற்கு முன்பே சென்னையில் இருந்தார். 1920 முதல் 1940 வரை எழும்பூர் அரசாங்க மியூசியத்தின் அத்தியக்ஷகராக விளங்கிய எஃப். எச். கிரேவ்லி, கல்கத்தா மியூசியத்திலிருந்து வந்தவர். அடிப்படையில் சிலந்தி ஆராய்ச்சிக்காரர். அந்நாளில் சென்னை மாகாணத்தைச் சேர்ந்த சில்கா ஏரியிலுள்ள பார்குடா என்னும் தீவின் சிலந்திகளையும் தேள்களையும் பற்றி அவர் எழுதினார். பம்பாய் இயற்கைச் சரித்திர சங்கத்தின் சஞ்சிகையில் இந்தியாவின் சாதாரணச் சிலந்திகளைப்பற்றிப் பொது வாசகருக்காகவும் எழுதினார். அவரே டி. என். ராமச்சந்திரனுடன் சேர்ந்து 1932-இல் மியூசியத்தின் செப்புத்திருமேனிகளுக்கு அட்டவணை வெளியிட்டு, 1934-இல் சில்ப சாஸ்திரங்கள் கூறும் நாகரம், திராவிடம், வேசரம் என்னும் மூன்று கோயிலமைப்புகளைப்பற்றியும் ஆராய்ச்சி செய்தவர். சிலந்தியின் கால்மூட்டைப் பார்த்துப் பழகிய கண்ணுக்குச் சோழர் நடராஜரின் முழங்காலில் உள்ள வளைவு பிடிபட்டதில் ஆச்சரியமில்லை. ஒரே மனிதர் இரண்டையும் செய்ய இடங்கொடுத்த உத்தியோகம் இன்று எங்கே இருக்கிறது என்பதே ஆச்சரியம். அவருக்குப் பின், கல்கத்தாவைத் தலைமையிடமாகக் கொண்டு 1916-இல் ஏற்பட்ட இந்திய விலங்கியல் ஆய்வுத் துறையில் பி. கே. டிக்கேதர் சிலந்திகளைத் தொடர்ந்து ஆராய்ந்து, 1987-இல் கைநூல் ஒன்று வெளியிட்டார்.

ஈப்புலியை வினோதத்துக்கு உபயோகித்தவர்கள் கிழக்கே இருந்தார்கள். எடோ நகரத்து ஜப்பானியர் பதினேழாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஈப்புலிகளை அலங்காரமான சிறு பெட்டிகளில் வளர்த்து, ஈயின்மேல் ஏவி, யாருடையது தொலைவிலிருந்து பாய்கிறது என்று பந்தயம் கட்டினார்கள். வல்லூறு வைத்து வேட்டையாடும் உரிமையும் வசதியும் பெரிய பிரபுக்களுக்கே இருந்தபடியால், பட்டணத்து வணிகனுக்கு இது கூடத்திலேயே கிடைத்த வல்லூறு ஆயிற்று. சிங்கப்பூரில் இரு சிலந்திகளை எதிரெதிரே விட்டுச் சண்டை பார்ப்பது சென்ற நூற்றாண்டில் சீன, மலாய், தமிழ்ப் பிள்ளைகள் எல்லோருக்கும் பொதுவான விளையாட்டு. கம்பம் என்று அங்கே வழங்கும் கிராமங்களின் புதர்களில் இரண்டு இலைகளைச் சேர்த்து ஒட்டி நடுவில் குடியிருக்கும் தியானியா பாமோயென்ஸிஸ் என்னும் பளபளத்த இனத்தையே அவர்கள் தேடினார்கள். வடபர்மாவின் பாமோ நகரத்திலிருந்து வந்த மாதிரிகளைக்கொண்டு தோரெல் என்னும் ஸ்வீடன் பண்டிதர் 1887-இல் பெயரிட்டது அது. தீப்பெட்டியில் ஒரு துண்டு இலையுடன் அடைத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு பள்ளிக்கூடம் போவார்கள். தோற்றது பின்வாங்கும், பெரும்பாலும் இரண்டும் பிழைக்கும். கம்பங்கள் இடிந்து அடுக்குமாடிகள் எழும்பியபோது அந்தப் புதர்கள் குறைந்தன, சண்டைச் சிலந்தியும் எளிதில் அகப்படாததாயிற்று. அந்த அடுக்குமாடிகளின் தாழ்வாரச் சுவர்களிலோ, குழல்விளக்குக்குப் பக்கத்தில், மெனமெரஸும் பிளெக்ஸிப்பஸும் ஒரு குறைவுமின்றி வேட்டையாடி வருகின்றன. பொதட்டூர்பேட்டையில் குழித்தறி போய் விசைத்தறிக் கொட்டகை வந்ததிலும், கஞ்சிப்பாவு தெருவிலிருந்து மறைந்ததிலும் அவற்றுக்கு வந்த நஷ்டம் அதிகமில்லை. கொட்டகையில் இரவு முழுவதும் விளக்கு எரிகிறது.